ஜகார்த்தா போய் நடிகையான ராத்தாவுக்கு

என்னை ஒரு நாளும் நிம்மதியாக இருக்க விடாத என் அன்பு ஜெஸீமா ராத்தாவுக்கு,

நீங்கள் மௌத்தாகி மூன்று மாதம் முடிந்துவிட்டது. உங்கள் சாமான்களை இன்னும் ஒதுக்கி முடியவில்லை. உடுப்புகளை ஏழைகளுக்குக் கொடுத்துவிடலாம், சரி. ஆனால் அந்தப் பெரிய சூட்கேஸ் நிறைய சவரி முடி வைத்துவிட்டுப் போயிருக்கிறீர்களே, அதை நான் என்ன செய்ய? இடுப்பளவு நீளமுள்ள கூந்தல் வேண்டும் என்று எந்த ஏழை நம் வாசலுக்கு வரப்போகிறாள்? திறந்து பார்த்த வேலைக்காரப் பெண் கத்திய கத்தில் பக்கத்து வீட்டார் ஓடி வந்துவிட்டார்கள். இருக்கும்போதும் ஊரைக் கூட்டினீர்கள். போன பிறகும் கூட்டுகிறீர்கள்.

ஊர்ப் புதினம் கேட்பீர்கள், சொல்லிவிடுகிறேன். நாட்டில் சண்டை முடிந்துவிட்டது என்று அறிவித்துவிட்டார்கள். மாத்தளை டவுனில் பட்டாசு கொளுத்தினார்கள், பஸ்களை மறித்துக் கிரிபத் என்ற பாற்சோறு கொடுத்தார்கள். வேன் ஓட்டும் கணேசன் அண்ணன் இரண்டு நாள் வேனை வெளியில் எடுக்கவில்லை. "ஒடம்புக்கு முடியலீங்க தங்கச்சி" என்றார். உடம்புக்கு ஒன்றுமில்லை என்று எனக்கும் தெரியும், எனக்குத் தெரியும் என்று அவருக்கும் தெரியும். நீங்கள் இருந்திருந்தால் நேரே அவர் வீட்டுக்குள் போய், கேட்கக் கூடாத கேள்வியைக் கேட்டு, அவரையும் அழவைத்து நீங்களும் அழுதுவிட்டு வந்திருப்பீர்கள். எனக்கு அது வராது. ஒரு கோப்பைத் தேத்தண்ணி கொடுத்துவிட்டு வந்தேன்.

உங்களைத் தெரியாதவர்களும் இதைப் படிக்கக்கூடும். அதனால் ஆரம்பத்திலிருந்தே சொல்கிறேன். நீங்கள் நடுவில் புகுந்து, "இல்ல பரீதா, அது அப்படியில்ல" என்று கதையைத் திருப்ப முடியாது. இந்தக் கடிதத்தில் எனக்கு இருக்கிற ஒரே வசதி அதுதான்.

நம் வாப்பா யட்டவத்தையில் மிளகும் கராம்பும் கொக்கோவும் வாங்கி விற்றவர். உம்மா கண்டிப் பக்கத்து மலாய்க் குடும்பம். வாப்பாவோடு தமிழ், கடைக்கு வருகிறவர்களோடு சிங்களம், நம் இரண்டு பேரோடும் மலாய் என்று மூன்று பாஷையில் ஏசக்கூடிய மனுஷி. அந்த மலாய்தான் எல்லா வினைக்கும் காரணம். அது மட்டும் தெரியாமல் இருந்திருந்தால் நீங்களும் என்னைப் போல இங்கேயே கிடந்திருப்பீர்கள்.

உங்களுக்கு இருபது வயதில் உம்மாவின் சொந்தத்திலேயே மாப்பிள்ளை வந்தது. கொழும்புக்காரர். ஜகார்த்தா துறைமுகத்தில் வேலை கிடைத்து உங்களையும் கூட்டிக்கொண்டு போனார். மூன்று வருஷத்தில் நீங்கள் தனியாகத் திரும்பி வந்தீர்கள், இடுப்பில் ஒன்றரை வயதுப் பெண் குழந்தையோடு. மனுஷன் அங்கே இன்னொருத்தியைக் கட்டிக்கொண்டான். வாப்பா முற்றத்தில் காய்ந்துகொண்டிருந்த கொக்கோ விதையைக் கால்விரலால் கிளறிக்கொண்டே நின்றது எனக்கு இன்றைக்கும் கண்ணில் நிற்கிறது.

நாலு மாதம் இருந்தீர்கள். குழந்தை ஷிரீன் என்னோடு ஒட்டிக்கொண்டாள். பிறகு ஒரு நாள் காலையில் பெட்டியைக் கட்டினீர்கள். தலாக் காகிதம் எடுக்க வேண்டும், விட்டுவிட்டு வந்த சாமான்களை விற்க வேண்டும் என்றீர்கள்.

"புள்ளய?" என்று கேட்டேன்.

"ஆறு மாசம்தானே பரீதா. உன்னோடதான் நல்லா ஒட்டிக்கிட்டாளே. வந்துருவன்."

எனக்கு அப்போது பத்தொன்பது வயது. ஆறு மாதம் என்றால் ஆறு மாதம் என்று நம்புகிற வயது.

படியில் விழுந்துதான் நீங்கள் சினிமாவுக்குள் போனீர்கள் என்பதை எத்தனை பேர் நம்புவார்கள்? நீங்கள் வாடகைக்கு இருந்த அறையின் சொந்தக்காரி, படங்களில் முகப்பூச்சுப் போடுகிற பெண். ஒரு நாள் அவளுடைய பெட்டியைத் தூக்கிக்கொண்டு கூடப் போயிருக்கிறீர்கள். அங்கே ஒரு பணக்காரியின் வேஷத்துக்கு யாராவது மாடிப்படியிலிருந்து உருண்டு விழ வேண்டும். அந்த நடிகை மாட்டேன் என்றுவிட்டாள். உயரமான பெண் வேண்டும் என்று தேடியபோது நீங்கள் கையைத் தூக்கினீர்களாம். யாரும் கேட்காமலே. மூன்று முறை விழுந்தீர்கள். மூன்றாவது தரம் விழுந்தபோது எல்லோரும் கைதட்டினார்கள் என்று எழுதினீர்கள். முழங்கை உடைந்ததை அடுத்த கடிதத்தில்தான் எழுதினீர்கள், அதுவும் ஒரு ஓரத்தில்.

ஜெஸீமா என்ற பெயர் அங்கே யாருடைய வாயிலும் நுழையவில்லை. மெலாத்தி என்று வைத்தார்கள். மலாயில் மல்லிகைப் பூ. உம்மா அந்தக் கடிதத்தை வாசித்துவிட்டு, "மல்லிகையா? இவளா? காலத்துக்கும் கத்திக்கிட்டே திரிஞ்சவ" என்று சிரித்தார். வாப்பா சிரிக்கவில்லை. வாப்பா உங்களுக்கு ஒரே ஒரு கடிதம்தான் எழுதினார். நடிப்பை விட்டுவிட்டு வா, விட முடியாதென்றால் வராதே. நீங்கள் வரவில்லை.

இதுவரை நான் சொன்னது சரிதானே? சரியில்லை என்றாலும் இப்போது என்ன செய்யப்போகிறீர்கள்?

முதலில் சந்தையில் நிற்கிற பெண். பிறகு வில்லனின் வைப்பாட்டி. நீங்கள் நல்ல உயரம், அவர்களைவிடக் கறுப்பு, பெரிய கண். அதனால் இந்தியாவிலிருந்து வந்த ராணி, புருஷனுக்கு விஷம் வைக்கிற இரண்டாம் தாரம், மாற்றாந்தாய் என்று கெட்டவளாகவே போட்டார்கள். நம் வீட்டு மலாய் அவர்களுக்குப் பழங்காலத்துக் கிழவி பேசுகிற மாதிரி கேட்டதாம். அதனால் உங்கள் வாய்க்கு வேறொருத்தி குரல் கொடுத்தாள். பிறகு பேய் வேஷம் வந்தது. வெள்ளை உடுப்பு, விரித்த கூந்தல், வாழை மரத்துக்குப் பின்னாலிருந்து சிரிக்க வேண்டும். அந்தச் சிரிப்பை மட்டும் குரல் கொடுக்கிறவளால் செய்ய முடியவில்லையாம். உங்கள் சிரிப்பையே வைத்துவிட்டார்கள். அதற்குப் பிறகு உங்களுக்கு இறங்குமுகமே இல்லை. கொட்டகை வாசலில் வரைந்திருந்த உங்கள் பெரிய முகத்துக்குக் கீழே நின்று எடுத்த படம் ஒன்று அனுப்பினீர்கள். வரைந்த அந்த முகத்தின் ஒரு கண்ணே உங்கள் உயரத்துக்கு இருந்தது.

இங்கே நான் என்ன செய்துகொண்டிருந்தேன் என்று கேட்டீர்களா? என்னைப் பெண் பார்க்க வந்தவர்களுக்கு, "இந்தப் புள்ள யார்ட?" என்ற கேள்விக்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்தேன். ஒரு வீட்டார் அவள் எனக்கே பிறந்தவள் என்று முடிவெடுத்து, தேத்தண்ணியைப் பாதியில் வைத்துவிட்டு எழும்பிப் போனார்கள். கடைசியில் ஹனீபா வந்தார். "புள்ள எங்களோடயே இரிக்கட்டும். அது இல்லாம நீங்க வரவும் மாட்டீங்க எண்டு தெரியும்" என்றார். அவருக்கு ஆயிரம் குறை உண்டு. அந்த ஒரு பேச்சுக்காக எல்லாவற்றையும் பொறுத்துக்கொள்கிறேன்.

ஷிரீனுக்கு ஒன்பது வயதில் அந்தக் கேசட்டை அனுப்பினீர்களே, அதை நினைத்தால் இப்போதும் எனக்குத் தலை சுற்றுகிறது.

சிங்கப்பூர் போய் வந்த ஒரு வியாபாரியிடம் கொடுத்தனுப்பியிருந்தீர்கள். வாப்பா தம்புள்ளைக்குச் சரக்கோடு போன நாளாகப் பார்த்து உம்மா டவுனிலிருந்து டிவியும் டெக்கும் வாடகைக்கு எடுப்பித்தார். வீடு கொள்ளாத சனம். கணேசன் அண்ணனின் மனைவிகூட வந்து கதவோரம் உட்கார்ந்தார். ஷிரீனுக்குப் பெருநாள் சட்டையை உடுத்தி, தலை வாரி, முன்வரிசையில் உட்காரவைத்தேன். தன் உம்மாவை நினைவு தெரிந்து முதல் முறையாகப் பார்க்கப் போகிறாள் அல்லவா?

உம்மாதான் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தார். "எண்ட புருஷன எங்க ஒளிச்சி வெச்சிரிக்காய் எண்டு கேக்குறா... இப்ப செத்துப் போறா... அல்லாஹ், எண்ட மகள்!" நீங்கள் முதல் முறை வாய் திறந்தபோதே உம்மாவின் முகம் வாடிப்போயிருந்தது. "இது எண்ட மகள்ட குரல் இல்லையே. யாரோ ஒருத்தி பேசுறா."

அடுத்த காட்சியில் கிணற்றடியிலிருந்து எழுந்து, முடியை விரித்துப் போட்டுக்கொண்டு சிரித்தீர்கள். உம்மா கைகொட்டினார். "சிரிப்பு அவடதான்! சிரிப்பு அவடதான்!"

ஷிரீன் என் சேலையைப் பிடித்து இழுத்தாள். "சாச்சி, அது யாரு?"

"அதுதான் புள்ள, உண்ட உம்மா."

அவள் இன்னொரு முறை டிவியைப் பார்த்தாள். கத்தவில்லை, அழவில்லை. எழுந்து வந்து எனக்குப் பின்னால் உட்கார்ந்து, முகத்தை என் முதுகில் வைத்துக்கொண்டாள். "அது உம்மா இல்ல. அது பேய்" என்றாள். படம் முடியும்வரை முகத்தைத் திருப்பவே இல்லை. அவளுடைய மூச்சு என் ரவிக்கையை நனைத்துக்கொண்டிருந்தது.

மறுநாள் பள்ளிக்கூடத்தில் அவளுக்குப் 'பேய்ட மகள்' என்று பெயர் வைத்துவிட்டார்கள். ஒரு பிள்ளையின் பல்லை உடைத்துவிட்டாள். அதிபர் கூப்பிட்டு ஏசியதையும் நான்தான் போய் வாங்கிக்கொண்டேன். அன்றைக்கே உங்களுக்கு எழுதினேன். ஏன் ராத்தா, நல்லதாக ஒரு சேலை உடுத்து, நல்லதாக நாலு வார்த்தை பேசுகிற படம் ஒன்றாவது இருக்காதா, அதை அனுப்பியிருக்கக் கூடாதா என்று கேட்டேன்.

நீங்கள் எழுதிய பதில் எனக்கு மனப்பாடம். "அதுதான் நான் நல்லாச் செய்த படம்."

இப்படிப்பட்ட ஆளிடம் என்ன பேசுவது?

வாப்பா மௌத்தானார். அன்றைக்கே அடக்கினோம், உங்களுக்குத் தந்திதான் வந்தது. அடுத்த வருஷம் உம்மா படுக்கையில் விழுந்தார். அப்போதுதான் நீங்கள் வருகிறேன் என்று எழுதினீர்கள். பன்னிரண்டு வருஷத்தில் நாடு ஓரளவாவது நடமாடக்கூடியதாக இருந்த எத்தனையோ நாட்கள் இருந்தன. நீங்கள் தேர்ந்தெடுத்ததோ, இங்கே சிங்களப் பிள்ளைகள் துவக்குத் தூக்கி, அரசாங்கம் அவர்களை வேட்டையாடி, ஆற்றில் பிணம் மிதந்துகொண்டிருந்த எண்பத்தொன்பதை. கடையைத் திறந்தால் ஒரு பக்கத்தார் வருவார்கள், மூடினால் மறுபக்கத்தார் வருவார்கள். அந்த நேரத்தில் விமானம் ஏறி வந்தீர்கள். கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு.

கணேசன் அண்ணனின் வேனில் நானும் ஷிரீனும் உங்களைக் கூட்டிவர வந்தோம். அவளுக்குப் பதின்மூன்று வயது. வரமாட்டேன் என்றவளை வற்புறுத்திக் கூட்டி வந்தேன். விமான நிலைய வாசலில் நீங்கள் கையை விரித்துக்கொண்டு வந்தீர்கள். வெட்டிய கட்டை முடி, செம்பட்டைச் சாயம், உதட்டில் சிவப்பு. அவள் கையை நீட்டி ஸலாம் சொன்னாள், விருந்தாளிக்குச் சொல்வது போல. விரித்த கையை என்ன செய்வதென்று தெரியாமல் நீங்கள் என்னைக் கட்டிக்கொண்டீர்கள்.

கண்டி வீதியில் மரம் வெட்டிப் போட்டிருக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு, கணேசன் அண்ணன் குருநாகல் போய்த் தம்புள்ளையைச் சுற்றி வந்தார். நாலந்தாவில் ஆமி மறித்தது. வீதியோரம் பத்துப் பதினைந்து பேரைத் தலைக்கு மேல் கை வைக்கச் சொல்லி உட்காரவைத்திருந்தார்கள். டயர் எரிந்த மணம் இன்னும் அடங்கியிருக்கவில்லை.

ஒரு ஆமிக்காரன் எங்கள் அடையாள அட்டைகளைப் பார்த்துத் தந்துவிட்டான். உங்களிடம் அட்டை இல்லை, பாஸ்போர்ட்தான். அதில் இருந்தது பழைய படம், முக்காடு போட்ட மெலிந்த பெண். அவன் படத்தைப் பார்த்தான், உங்களைப் பார்த்தான். "இது நீ இல்லையே. யார் நீ? எங்கேயிருந்து வருகிறாய்?" என்று சிங்களத்தில் கேட்டான்.

நீங்கள் பேசவில்லை. எத்தனை படத்தில் எத்தனை பேரை நடுங்கவைத்தவர்! வாய் திறக்கிறது, சத்தம் வரவில்லை. சிங்களம் தெரியாதா உங்களுக்கு? என்னைவிட நன்றாகப் பேசுவீர்கள். "இறங்கு" என்றான். இறங்கினீர்கள். உட்கார்ந்திருந்தவர்களின் பக்கம் கையைக் காட்டினான். கணேசன் அண்ணன் ஸ்டீயரிங்கைப் பிடித்தபடி உறைந்துபோயிருந்தார். ஒரு தமிழ் மனுஷன் அந்த இடத்தில் வாய் திறந்தால் என்ன நடக்கும் என்று அவருக்குத் தெரியும். நான் எழும்பப் பார்க்கிறேன், ஷிரீன் தன் பையை என் மடியில் வைத்தாள்.

கதவு திறந்த சத்தம் கேட்டது. ஷிரீன் இறங்கிவிட்டாள். பள்ளிக்கூடத்தில் பாடம் ஒப்புவிக்கிறவள் மாதிரி அவன் முன்னால் போய் நின்றாள்.

"மே மகே அம்மா" என்றாள். இது என்னுடைய அம்மா.

அவன் அவளைக் கீழும் மேலும் பார்த்தான். "அப்ப வேனுக்குள்ள இருக்கிறது யார்? நீ இறங்க முன்னால பையை அவட மடியிலதானே வெச்சாய்?"

"அவங்களும் என் அம்மாதான்."

"உனக்கு எத்தனை அம்மா?"

"ரெண்டு பேர். இவங்க பெத்தவங்க. வெளிநாட்டில இருந்து இப்பதான் வாறாங்க. எங்க உம்மும்மா வருத்தமாக் கிடக்கிறாங்க. முடிய வெட்டிட்டாங்க, அதுதான் படத்தில வேற மாதிரி." சிங்களத்தில் சொல்லிக்கொண்டே, பெற்ற பிறகு இரண்டு வருஷம்கூடத் தன்னைத் தூக்காத உங்கள் கையைப் பிடித்துக்கொண்டாள். அந்தப் பையன் — ஆமிக்காரன் என்றாலும் பையன்தான், மீசை அரும்பியிருந்தது — இரண்டு முகத்தையும் மாறி மாறிப் பார்த்தான். உங்களுக்கும் அவளுக்கும் ஒரே கண். பாஸ்போர்ட்டை அவள் கையில் கொடுத்து, "அம்மாவைக் கூட்டிக்கொண்டு போ" என்றான்.

வேன் கிளம்பியது. என் நெஞ்சில் என்ன ஓடியது என்று எழுதுகிறேன். அல்லாஹ்வுக்கு நன்றி சொன்னேன், உண்மை. அதோடு சேர்த்து, பன்னிரண்டு வருஷம் காய்ச்சலுக்கும் இருமலுக்கும் கண்விழித்த எனக்கு இரண்டாவதாகத்தான் அந்தப் பெயர் கிடைத்தது என்றும் ஓடியது. அவ்வளவு ஆபத்தில் இப்படி ஒரு நினைப்பு. மனுஷ மனது அப்படித்தான் போலிருக்கிறது.

மாத்தளை டவுன் எல்லை வந்ததும் நீங்கள் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்தீர்கள். மன்னிப்புக் கேட்கப் போகிறீர்கள் என்று நினைத்தேன். "பரீதா, புள்ளைக்குக் குரல் நல்லா வருது" என்றீர்கள்.

அந்த இடத்திலேயே வேனை நிறுத்தி உங்களை இறக்கிவிட்டிருக்க வேண்டும்.

உம்மா போன பிறகும் நீங்கள் திரும்பிப் போகவில்லை. அங்கே சினிமா படுத்துக்கொண்டிருந்தது, உங்களுக்கும் வயது ஏறிக்கொண்டிருந்தது. என் வீட்டு முன்னறையில் மூன்று சூட்கேஸோடு குடியேறினீர்கள். பத்து மணிக்கு எழும்புவது, எனக்கு உறைப்புப் போடத் தெரியவில்லை என்பது, ஹனீபாவின் சாரன் நிறம் சரியில்லை என்பது. விருந்துக்கு வந்த பெண்கள் வாயைக் கிளறினால், ஆம்பிளைகளோடு நடித்ததைப் பச்சையாகச் சொல்லி என்னைக் குசினிக்குள் ஓடவைப்பது. எத்தனை படம் நடித்தீர்கள் என்று கேட்டால் ஆளுக்கு ஒரு கணக்கு.

பிறகு மணப்பெண் சோடிக்கும் வேலையில் இறங்கினீர்கள். அதை மட்டும் நான் குறை சொல்ல மாட்டேன். முஸ்லிம் வீடு, தோட்டத்துத் தமிழ் வீடு, சிங்கள வீடு, எல்லா இடத்திலும் உங்களைத் தேடினார்கள். தலையைக் குனிந்துகொண்டே இருக்கிற பெண்ணின் தாடையை ஒரு விரலால் தூக்கி, "நிலத்தில ஒண்டும் இல்ல மகள், மேல பாருங்க" என்பீர்களாம். ஷிரீனின் கல்யாணத்தன்று அவளையும் நீங்கள்தான் சோடித்தீர்கள். கதவுக்கு வெளியே நின்று பார்த்தேன். ஒரு மணித்தியாலம் முகத்துக்கு முகம் உட்கார்ந்திருந்தீர்கள். அவள் கண்ணை மூடவேயில்லை. நீங்கள்தான் வரைந்த மையை இரண்டு முறை அழித்துத் திரும்ப வரைந்தீர்கள்.

அந்தக் கல்யாணத்துக்குப் பிறகுதான் துணிந்து கேட்டேன். முற்றத்தில் உட்கார்ந்து கராம்புக் காம்பு கிள்ளிக்கொண்டிருந்தோம். நான் கிள்ளினேன், நீங்கள் பார்த்துக்கொண்டிருந்தீர்கள்.

"ராத்தா, ஏன் வரல்ல?"

"எப்ப?"

"எப்பவா? பன்னெண்டு வருஷம் ராத்தா! புள்ளய விட்டுட்டு எப்படி இருந்தீங்க?"

நீங்கள் யோசித்தீர்கள். நான் காத்திருந்தேன். வாப்பாவுக்குப் பயந்து என்று சொல்லலாம். பிள்ளைக்காகத்தான் கஷ்டப்பட்டேன் என்று சொல்லலாம். ஒவ்வொரு நாளும் அழுதேன் என்று சொல்லலாம். எதைச் சொன்னாலும் ஏற்றுக்கொள்ளத் தயாராக இருந்தேன்.

"பிடிச்சிருந்திச்சு பரீதா" என்றீர்கள். "அந்த வேலை எனக்கு நல்லா வந்திச்சு. வேற எதுவும் எனக்கு அப்படி வரல்ல. புள்ளய நினைப்பன். ஆனா காலைல எழும்பினா முகத்துக்குப் பூச எப்ப கூப்பிடுவாங்க எண்டுதான் முதல்ல நினைப்பன். நீ நல்லாப் பாத்துக்குவாய் எண்டும் தெரியும்."

சுளகைத் தூக்கி எறிந்தேன். கராம்பு முற்றமெல்லாம் சிதறியது. ஊரெல்லாம் நடித்த மனுஷிக்கு, அன்றைக்கு ஒரே ஒரு நாள், எனக்காகக் கொஞ்சம் நடித்துக் காட்டியிருக்க முடியாதா? ஒரு சொட்டுக் கண்ணீர்? நீங்கள் குந்தியிருந்து சிதறிய கராம்பை ஒவ்வொன்றாகப் பொறுக்கினீர்கள். என் வீட்டில் நீங்கள் குனிந்து செய்த முதல் வேலை அதுதான். நான் மூன்று நாள் உங்களோடு பேசவில்லை. நாலாவது நாள் சாப்பாடு வைத்தபோது, "உறைப்பு இன்னும் சரியில்ல" என்றீர்கள். பிறகு எப்படிப் பேசாமல் இருப்பது?

கடைசியில் சீனி வருத்தம். மாத்திரையை நாக்குக்கடியில் ஒளித்து வைத்துத் துப்புவீர்கள். இனிப்பு வட்டிலப்பத்தைத் தேடிப் பிடித்துத் தின்பீர்கள். காலில் புண் வந்து ஆஸ்பத்திரியில் கிடந்தபோதும் நர்ஸ்மாருக்குப் புருவம் திருத்திக்கொண்டிருந்தீர்கள். ஷிரீன் தம்புள்ளையிலிருந்து ஒரு நாள் விட்டு ஒரு நாள் வந்தாள். அவள் மனுஷனுக்குக் காய்கறி மொத்தக் கடை, இவள் பள்ளிக்கூடத்தில் சிங்களம் படிப்பிக்கிறாள், இரண்டையும் விட்டுவிட்டு ஓடி வந்தாள். கடைசியாக நீங்கள் பேசியதும் அவளோடுதான். என்ன பேசினீர்கள் என்று அவளும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. அது உங்கள் இரண்டு பேருக்கும் உரியது.

இனி உங்களுக்குத் தெரியாததைச் சொல்கிறேன்.

அடக்கிய பிறகு மரணத்தைப் பதிவு செய்ய நான், ஹனீபா, ஷிரீன் மூவரும் போனோம். பதிவாளர் வயதான சிங்கள மனுஷன், மரியாதையாகப் பேசினார். பெயர், வயது, தகப்பன் பெயர் எல்லாம் எழுதினார். தொழில் என்ன என்று கேட்டார்.

ஹனீபா முந்திக்கொண்டு, "வீட்டில இருந்தவங்க" என்றார்.

அவரைச் சொல்லிக் குற்றமில்லை. வாப்பா காலத்திலிருந்தே வெளியார் கேட்டால் நம் வீட்டில், "மகள் ஜகார்த்தாவில ஒரு ஆபீஸ்ல" என்றுதான் சொல்வது வழக்கம். ஆனால் எனக்கு எங்கிருந்தோ ஆத்திரம் வந்தது. "எந்த வீட்டில இருந்தாங்க?" என்று அவரைக் கேட்டேன். "சொல்லுங்க, எந்த வீட்டில? இருக்கச் சொல்லித்தானே நான் காலமெல்லாம் கத்தினேன். இருந்தாங்களா?"

"மெதுவாப் பேசு. ஆளுகள் பாக்குறாங்க."

"பாக்கட்டும்." பதிவாளரிடம் திரும்பினேன். "நடிகை என்று எழுதுங்க ஐயா."

அவர் பேனாவை நிறுத்தினார். "நடிகையா? எந்தப் படத்தில்? நான் பார்த்ததில்லையே?"

"நீங்க பார்த்திருக்க மாட்டீங்க. இந்தோனேசியாவில."

"மனைவி கவலையில பேசுறா" என்றார் ஹனீபா. "பிறகு காகிதத்தில பிரச்சினை வரும். சும்மா வீட்டில இருந்தவங்க எண்டு..."

"சாச்சா," என்றாள் ஷிரீன். அவள் சத்தம் உயர்த்தவில்லை. "என்னை விட்டுட்டுப் போய் அவங்க செஞ்ச வேலை அது. அதுக்குப் பேரே இல்லண்டா, என்னை எதுக்கு விட்டுட்டுப் போனாங்க?"

வெளியே யாரோ மோட்டார் சைக்கிளை உதைத்துக்கொண்டிருந்தார்கள். பதிவாளர் மூக்குக் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு குனிந்து எழுதினார். எழுதி முடித்து, சரியா என்று பார்க்கச் சொல்லி எங்கள் பக்கம் திருப்பினார். சரியாகத்தான் இருந்தது.

ஹனீபா வீடு வரும்வரை முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வந்தார். வாசலில் செருப்பைக் கழற்றும்போது கேட்டார்: "மெய்தானா? மதினி அங்க அவ்வளவு பெரிய ஆளா?" இருபது வருஷம் ஒரே கூரைக்குக் கீழே இருந்த மனுஷன், இப்போது கேட்கிறார்! எனக்குச் சிரிப்பு வந்தது. பிறகு அழுகை வந்தது. நீங்கள் மௌத்தான பிறகு நான் முதல் முறையாக அழுதது அன்றைக்குத்தான்.

ஷிரீன் போகலாம் என்கிறாள். ஜகார்த்தாவுக்கு. நீங்கள் இருந்த அறை, அந்த முகப்பூச்சுக்காரி உயிரோடு இருந்தால் அவள், நீங்கள் விழுந்த படிக்கட்டு, எல்லாவற்றையும் பார்க்க வேண்டுமாம். நானும் கூட வர வேண்டுமாம், மலாய் பேச ஆள் வேண்டுமே. அவளுக்கு நீங்களும் நானும் சொல்லிக்கொடுக்காமல் விட்டது அது ஒன்றுதான். பாஸ்போர்ட்டுக்குப் படம் பிடித்துவிட்டேன். ஐம்பது வயதில், விமானத்தைக் கழுத்தை நிமிர்த்திப் பார்த்ததைத் தவிர வேறொன்றும் தெரியாத எனக்கு, உங்களால் இப்படி ஒரு வேலை. ஹனீபாவுக்கு யார் சமைப்பது, கடை மிளகை யார் பார்ப்பது என்று ஒன்றையாவது யோசித்தீர்களா?

ஆனாலும் போகிறேன். ஒவ்வொரு இடமாகப் போய்க் கேட்பேன். நீங்கள் சொன்னதில் எது உண்மை, எது புளுகு என்று பார்த்துக்கொண்டு வந்து, உங்கள் கபுரடிக்கு நேரே வந்து நின்று சொல்வேன். உண்மையாக இருந்தால் அதையும் சொல்வேன், மறைக்க மாட்டேன். இரண்டு கிழமைதான் ராத்தா. சொன்ன நாளில் திரும்பி வந்துவிடுவேன்.

உங்களோடு இன்னும் கோபமாகவே இருக்கும்,
உங்கள் ஒரே தங்கச்சி,
ஷிரீனின் சாச்சி,
பரீதா